மூன்றரை வருஷமாக ரோட்டோ: டிவியிலேயே இருக்கலாமா, சினிமாவுக்குப் போகலாமா?

கேள்வி:

அக்கா, எனக்கு 26 வயது. டிவிக்கும் ஓடிடிக்கும் தொடர்கள் செய்யும் ஒரு சின்ன விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோவில் மூன்றரை வருஷமாக ரோட்டோவும் பெயின்ட்டும் செய்கிறேன். கம்பி அழிப்பது, மைக் நிழல் அழிப்பது, இவை பெயின்ட்; ஆளைச் சுற்றி ஃப்ரேம் ஃப்ரேமாக வெட்டிக் கொடுப்பது ரோட்டோ. தினமும் இதுதான். என்னோடு படித்தவர்கள் சினிமாவுக்குப் போய்விட்டார்கள். "சீரியல் கிராஃபிக்ஸா?" என்று கேட்பவர்களுக்கு என்ன பதில் சொல்வதென்று தெரியவில்லை. ஷோரீல் (செய்த ஷாட்களைத் தொகுத்து வேலை தேடக் காட்டும் வீடியோ) போடலாம் என்று உட்கார்ந்தால் காட்ட ஒன்றுமே இல்லை. அழித்தது தெரியக்கூடாது என்பதுதானே வேலை? மாதத்தில் பத்து நாளாவது வீடு திரும்ப ராத்திரி ஒரு மணி ஆகிறது. இதற்கிடையில் ஏஐ வந்து ரோட்டோவை விழுங்கிவிடும் என்கிறார்கள். டிவியிலேயே இருக்கலாமா, சினிமாவுக்கு முயற்சி பண்ணலாமா, இல்லை துறையையே விட்டுவிடலாமா? கடைசியாக ஒன்று: ஷாட்டை ஒட்டிச் சேர்க்கிற நியூக் மென்பொருளை ஒழுங்காகக் கற்றுக்கொள்வதா, புகை, தண்ணீர் செய்கிற ஹூடினிக்குத் தாவுவதா?

பதில்:

தம்பி, அக்கா என்று கூப்பிட்டு எழுதியிருக்கிறீர்கள். அந்த உரிமையில் நேராகவே சொல்லிவிடுகிறேன். டிவியில் இருங்கள், ரோட்டோ நாற்காலியில் மட்டும் இருக்காதீர்கள். அங்கிருந்து காம்ப் நாற்காலிக்கு, அதாவது தனித்தனித் துண்டுகளை ஒரே ஷாட்டாக ஒட்டிச் சேர்க்கிற வேலைக்கு, மாற உங்களுக்கு ஒரு வருஷம், இழுத்தால் ஒன்றரை வருஷம் இருக்கிறது என்பது என் கணக்கு. ஏன் என்று சொல்வதற்கு முன்னால் என்னுடைய பழைய ஷாட் ஒன்றைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

நானும் ரோட்டோவில் தொடங்கியவள்தான். காம்ப்புக்கு மாறி அப்போது மூன்றாவது மாதம். ஷாட் இதுதான்: ஒரு பெண் ஜன்னல் கதவைத் தள்ளித் திறந்து வெளியே பார்க்கிறாள். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் பச்சைத் துணி. அந்த இடத்தில் மழை பெய்கிற தெரு வர வேண்டும். மொத்தம் 112 ஃப்ரேம், நாலரை விநாடிக்குப் பக்கம். பெண்ணுக்குச் சுருட்டை முடி, பச்சை வெளிச்சம் முடிக்குள் இறங்கியிருந்தது. இரண்டு நாள் அந்த முடியோடு மல்லுக்கட்டினேன். உள்பக்கத்துக்கு ஒரு மேட் (எது நிற்க வேண்டும், எது போக வேண்டும் என்று காட்டும் கறுப்பு-வெள்ளைப் படம்), ஓரத்துக்கு மென்மையான இன்னொரு கீ (பச்சையை மட்டும் உருவி எடுப்பது), காற்றில் பறக்கும் நாலைந்து இழைகளுக்குக் கையால் பெயின்ட். நாலு மடங்கு பெரிதாக்கிப் பார்த்தாலும் ஒரு இழை விடுபடவில்லை. பெருமையாக ரிவ்யூவுக்கு அனுப்பினேன்.

சூப்பர்வைசர் அறையின் கடைசியில் போய் உட்கார்ந்துகொண்டார். சுவரில் மாட்டியிருந்த சாதாரண டிவியில் ஒரே ஒரு தடவை ஓடவிட்டார். "கண்ணாடி எங்கேம்மா?" என்றார். எனக்குப் புரியவில்லை. மறுபடி ஓடவிட்டார். அவள் கை கதவைத் தள்ளுகிறது. கதவில் கண்ணாடி இருக்கிறது. கதவு திரும்புகிறது, ஆனால் கண்ணாடியில் எதுவுமே நகரவில்லை. பச்சையை உருவும்போது கண்ணாடியின் பளபளப்பையும் சேர்த்து உருவியிருக்கிறேன். மிஞ்சியது வெறும் மரச்சட்டம். பார்க்கிறவர் கண் முதலில் போவது நகர்கிற கைக்கும் கதவுக்கும்தான். நான் இரண்டு நாள் சீவிச் சிங்காரித்த முடி, கதவு திறந்து முடிகிற வரைக்கும் யார் கண்ணிலும் படாது. அதற்கப்புறம் ஷாட்டில் பாக்கி இருந்ததே ஒன்றரை விநாடி.

பிரதிபலிப்பைத் திரும்ப வைக்க நாற்பது நிமிஷம் ஆனது. ஷாட் ஓகே ஆகிவிட்டது. அந்த நாற்பது நிமிஷத்தை முதலிலேயே செய்துவிட்டு முடிக்கு அரை நாள் ஒதுக்கியிருந்தால் இன்னும் இரண்டு ஷாட் முடித்திருப்பேன். டிவியில் இத்தனை வருஷம் நான் கற்றதில் பெரும்பகுதி இந்தக் கணக்குதான்: எங்கே இழைக்க வேண்டும், எங்கே கையை எடுத்துவிட வேண்டும்.

இந்தக் கணக்கு சினிமாவில் இல்லையா என்றால் இருக்கிறது. அங்கேயும் கடைசி மாதம் தீப்பிடித்த மாதிரிதான் இருக்கும். ஆனாலும் பெரிய படத்தில் ஒரு ஷாட் மாதக்கணக்கில் வெர்ஷன் மேல் வெர்ஷனாகப் போகலாம். தொடரில் எபிசோடுக்கு எபிசோடு தேதி குறித்தாகிவிட்டது. எடிட்டர் பிக்சர் லாக், அதாவது இனி எடிட் மாறாது, என்கிறார். இரண்டு பக்கமும் எட்டு எட்டு ஃப்ரேம் உபரியோடு (ஹேண்டில்) ப்ளேட், அதாவது செட்டில் எடுத்த அசல் காட்சி, வருகிறது. லாக் என்று சொன்ன பிறகும் மூன்று ஷாட்டின் நீளம் மாறுகிறது. ஒளிபரப்புத் தேதி மட்டும் நகர்வதில்லை. 45 நிமிஷ எபிசோட் என்றால் விநாடிக்கு 24 ஃப்ரேம் வீதம் 64,800 ஃப்ரேம். அதில் ஒரு பங்குதான் நம் மேஜைக்கு வரும் என்றாலும், வந்ததையெல்லாம் ஒரே மாதிரி இழைக்க யாராலும் முடியாது. அதனால் டிவியில் வளர்ந்த காம்ப்பாசிட்டருக்கு ஒரு பழக்கம் வந்துவிடும். ஷாட்டைத் திறந்ததும் முதலில் எபிசோடின் எடிட்டைப் போட்டுப் பார்ப்பார். முன் ஷாட்டில் பார்வை எங்கே இருந்தது, இதில் எங்கே விழும், அடுத்ததில் எங்கே போகும். அப்புறம்தான் மென்பொருளில் கையை வைப்பார்.

நேரமும் காசும் இல்லாத இடத்தில்தான் சில சமயம் வழி திறந்திருக்கிறது. 1993-ல் சினிமாவில் விலை உயர்ந்த சிலிக்கான் கிராஃபிக்ஸ் மெஷின்களை வைத்து டைனோசர்களை உயிர்ப்பித்துக்கொண்டிருந்தார்கள். அதே வருஷம் 'பாபிலோன் 5' தொடரின் பைலட்டுக்கு (முன்னோட்ட எபிசோடுக்கு) விண்வெளி நிலையத்தையும் கப்பல்களையும் அமிகா கம்ப்யூட்டர்களில், வீடியோ டோஸ்டர் என்ற அட்டையைச் செருகி, லைட்வேவ் மென்பொருளில் செய்தார்கள். அமிகா என்பது வீட்டு மேஜையில் இருந்த கம்ப்யூட்டர். அந்த வேலைக்கு எம்மி விருது கிடைத்தது. இன்று பார்த்தால் கப்பலெல்லாம் பிளாஸ்டிக் பொம்மை மாதிரி தெரியும், மறுக்கவில்லை. ஆனால் ஒரு டிவி பட்ஜெட்டில் அந்த மாதிரிக் காட்சிகளை வாராவாரம் கொடுக்க முடியும் என்று காட்டியது அந்த மேஜைக் கம்ப்யூட்டர்தான். 2019-ல் நடிகரைச் சுற்றி எல்ஈடி சுவர் எழுப்பி, கேம் இன்ஜினில் ஓடும் பின்னணியை அதில் காட்டிப் படமெடுக்கும் முறை பெரிதாகப் பேசப்பட்டதே, 'த மண்டலோரியன்', அதுவும் தொடர்தான். சினிமாக்காரர்கள் அப்புறம் வந்து எடுத்துக்கொண்டார்கள்.

"சீரியல் கிராஃபிக்ஸா?" என்பவர்களுக்கு இதையெல்லாம் நீங்கள் விளக்க வேண்டியதில்லை. விளக்கினாலும் கேட்க மாட்டார்கள். உங்களுக்குத் தெரிந்திருந்தால் போதும். இன்னொன்றும் தெரிந்துகொள்ளுங்கள். ஓடிடி வந்த பிறகு டிவிக்கு மட்டமான தரம் போதும் என்ற பேச்சுக்கே இடமில்லை. யுஎச்டி ஃப்ரேம் 3840-க்கு 2160, அதாவது ஏறத்தாழ 83 லட்சம் பிக்சல். பழைய எச்டியில் சுமார் 21 லட்சம்தான். இருட்டையும் வெளிச்சத்தையும் கூடுதல் விவரத்தோடு காட்டுகிற எச்டிஆர் டெலிவரி வந்ததும், இருட்டில் ஒளித்து வைத்த பாவங்களெல்லாம் வெளியே வந்துவிட்டன. ஒரு காலத்தில் கறுப்புக்குள் தள்ளி மறைத்த மேட் ஓரம் இப்போது பளிச்சென்று தெரிகிறது. அதனால் காம்ப் முடித்ததும் வியூவரில் காமாவை ஏற்றி, அதாவது இருட்டான இடங்களை வெளிச்சமாக்கி, நீங்கள் சேர்த்ததன் கறுப்பும் ப்ளேட்டின் கறுப்பும் ஒட்டுகிறதா என்று பார்க்கிற வழக்கத்தை இன்றே தொடங்குங்கள். வீட்டில் டிவியின் பிரைட்னஸை முழுக்க ஏற்றி வைத்துப் பார்ப்பவர்கள் இருக்கிறார்கள்.

நான் நடுவில் இரண்டு வருஷம் சினிமாவில் இருந்தேன். கெட்ட அனுபவம் என்று சொல்ல மாட்டேன். பைப்லைன் (ஷாட் ஒரு மேஜையிலிருந்து அடுத்த மேஜைக்குப் போகிற வரிசை) ஒழுங்கு என்றால் என்ன, ஒரு ஷாட்டுக்கு உண்மையிலேயே நேரம் கொடுத்தால் அது எவ்வளவு தூரம் போகும் என்பதெல்லாம் அங்கேதான் பார்த்தேன். ஆனால் அந்த இரண்டு வருஷத்தில் நான் செய்தது பெரும்பாலும் தூசியும் புகையும். மற்றவர்கள் செய்த ரெண்டருக்கு மேல் என் தூசி. பெரிய இடத்தில் வேலை அப்படித்தான் துண்டு துண்டாக இருக்கும். ஒருவர் மாடல், ஒருவர் டெக்ஸ்சர், ஒருவர் லைட்டிங். உங்கள் நண்பர்களைக் கேட்டுப் பாருங்கள், நிறையப் பேர் பெரிய பேனருக்குக் கீழே உங்களைப் போலவே ரோட்டோதான் செய்துகொண்டிருப்பார்கள். சின்ன டிவி ஸ்டூடியோவில் இருக்கிற வசதி, கேட்டால் ஒரு முழு ஷாட் கையில் கிடைக்கும் என்பது. நீங்கள் கேட்டீர்களா? கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரி இல்லை. மூன்றரை வருஷத்தில் ஒரு தடவையாவது "இந்த ஷாட்டை நானே காம்ப் பண்ணித் தரட்டுமா" என்று லீடிடம் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை என்றால் நாளைக்குக் கேளுங்கள். பெரிய ஷாட் வேண்டாம். நிலையான கேமரா, ஒரு ஜன்னலோ போன் ஸ்க்ரீனோ இருக்கிற ஷாட். டெலிவரி நெருக்குகிற வாரத்தில் கேட்காதீர்கள், புது எபிசோட் இறங்கிய முதல் நாள் கேளுங்கள்.

சரி, ஷோரீல். "காட்ட ஒன்றுமே இல்லை" என்று எழுதியிருந்ததைப் படித்துச் சிரித்துவிட்டேன், தப்பாக நினைக்காதீர்கள். 2019 மே மாதம் 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' கடைசி சீசனின் ஒரு எபிசோடில், விருந்து மேஜையில் ஒரு டிஸ்போசபிள் காபி கப் கிடந்தது. டிராகன்கள் பறக்கிற தொடர், உலகத்திலேயே அதிகம் பேசப்பட்ட எஃபெக்ட்ஸ், ஆனால் அந்த வாரம் முழுக்க ஊரெல்லாம் பேசியது அந்த கப்பைத்தான். இரண்டு நாளில் ஸ்ட்ரீமிங் பிரதியிலிருந்து டிஜிட்டலாக அழித்தார்கள். அழித்தவர் செய்தது நீங்கள் தினமும் செய்கிற வேலைதான். அதை நேரத்துக்குச் செய்யாமல் விட்டால் என்ன ஆகும் என்பதை அதைவிடப் பெரிதாக யாரும் விளம்பரம் செய்ய முடியாது.

பெயின்ட் வேலையை ரீலில் காட்டுவது எப்படி என்றால், உடைத்துக் காட்டுங்கள். போன் ஸ்க்ரீன் ஷாட்டையே எடுத்துக்கொள்வோம், உங்கள் ஸ்டூடியோவில் வாரத்துக்கு நாலாவது வரும். செட்டில் போன் அணைந்து கிடக்கிறது, அதில் ஒரு மெசேஜ் வர வேண்டும். எத்தனை வேலை என்று எண்ணிப் பாருங்கள். கையில் ஆடுகிற போனை நாலு மூலையிலும் ட்ராக் செய்கிறீர்கள். கட்டைவிரல் ஸ்க்ரீனைக் கடக்கிற பத்துப் பதினைந்து ஃப்ரேமுக்கு மோஷன் ப்ளரோடு ரோட்டோ. அணைந்த கண்ணாடியில் அறை விளக்கின் சாயல் ஏற்கெனவே விழுந்திருக்கிறது, அதைப் பிரித்தெடுத்து மெசேஜுக்கு மேலே திரும்ப வைக்கிறீர்கள். ஃபோகஸ் போனிலிருந்து முகத்துக்குப் போகும்போது எழுத்தும் அதே அளவுக்கு மங்க வேண்டும். கடைசியில் கேமராவின் க்ரெயின், அதாவது படத்தில் தெரிகிற பொடிப்புள்ளி. ஒளிர்கிற போனைப் பிடித்திருப்பவர் கன்னத்தில் வெளிச்சம் ஒரு இழை விழ வேண்டுமே என்று யோசித்துச் சேர்த்திருந்தால், உங்களை இண்டர்வியூவுக்கு நானே கூப்பிடுவேன். ப்ளேட், ட்ராக், ரோட்டோ, பிரதிபலிப்பு, முடிந்த ஷாட் என்று எட்டு விநாடியில் அடுக்கிக் காட்டலாம். ரீல் பார்க்கிறவருக்கு வெடிகுண்டும் ரோபோவும் அலுத்துப்போய்விட்டது. ஒழுங்கான ஒரு போன் ஸ்க்ரீனைப் பார்த்தால் நிமிர்ந்து உட்கார்வார்.

ஒன்றரை நிமிஷத்துக்கு மேல் ரீல் வேண்டாம். சிறந்த ஷாட் முதலில் வர வேண்டும், ஏனென்றால் இருபது விநாடியில் மூடிவிடுகிறவர்களே அதிகம். ஒவ்வொரு ஷாட்டிலும் நீங்கள் செய்தது என்ன என்று ஓரத்தில் எழுதுங்கள். பக்கத்து நாற்காலிக்காரர் செய்த கீயைத் தன்னுடையது என்று போட்டு மாட்டிக்கொண்டவர்களைப் பார்த்திருக்கிறேன். இந்தத் துறை அவ்வளவு பெரிதில்லை, ரீல் போய்ச் சேருகிற இடத்தில் அந்த ஷாட்டைச் செய்தவரே உட்கார்ந்திருப்பார். ஒளிபரப்பாகாத எதையும் தொடவே கூடாது. ஒளிபரப்பான பிறகும் ஸ்டூடியோவிடம் அனுமதியை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். வாய்ப்பேச்சில் "போட்டுக்கோப்பா" என்றவர் ஆறு மாதம் கழித்து அங்கே இருக்க மாட்டார்.

அனுமதி கிடைக்காவிட்டால் சொந்தமாகச் செய்யுங்கள். பிளெண்டர் என்ற இலவச 3டி மென்பொருளின் அமைப்பு 2012-ல் வெளியிட்ட 'டியர்ஸ் ஆஃப் ஸ்டீல்' குறும்படத்தின் அசல் ஃபுட்டேஜ், பச்சைத் திரையோடு, யாரும் எடுத்துப் பயிற்சி செய்யக் கிடைக்கிறது. நியூக்கின் நான்-கமர்ஷியல் பதிப்பும் இலவசம். சம்பளத்துக்குச் செய்யும் வேலைக்கு அதைப் பயன்படுத்தக் கூடாது, எச்டிக்கு மேல் ரெண்டர் வராது, கற்றுக்கொள்ள அது தாராளம். என்னைக் கேட்டால் இரண்டையும்விட நல்லது, உங்கள் போனிலேயே ஒரு ப்ளேட் எடுப்பது. ஜன்னலில் ஒரு பச்சைத் துணியைக் கட்டி, நண்பரைக் கதவைத் திறக்கச் சொல்லுங்கள். துணி சுருங்கியிருக்கும், வெளிச்சம் ஒரு பக்கம் அதிகமாக விழும், துணியின் பச்சை நண்பரின் கழுத்தில் ஏறும். செட்டில் நடக்கிற அத்தனை தப்பையும் நீங்களே செய்து நீங்களே அனுபவிப்பீர்கள். (கண்ணாடியை மறக்க வேண்டாம்.)

ஏஐ விஷயத்தில் ஆறுதல் சொல்லப் போவதில்லை. ரோட்டோவை மட்டும் நம்பி நிற்கிற வேலை சுருங்கிக்கொண்டிருக்கிறது, இன்னும் சுருங்கும். ஆஃப்டர் எஃபெக்ட்ஸில் ரோட்டோ பிரஷ் வந்தது 2010-ல். அப்போது எல்லோரும் சிரித்தோம், ஓரமெல்லாம் புழு நெளிவது போல நெளியும். இப்போது யாரும் சிரிப்பதில்லை. 2021-ல் நியூக் 13-ல் காப்பிகேட் வந்தது. சில ஃப்ரேமை நீங்கள் கையால் செய்து கொடுத்தால், அதைப் பார்த்துக் கற்று மீதியைச் செய்கிறது. 2025-ல் நெட்ஃபிளிக்ஸ் தன் அர்ஜென்டினா தொடர் ஒன்றில் கட்டடம் இடிந்து விழுகிற காட்சியை ஜெனரேட்டிவ் ஏஐ வைத்து முடித்ததாகவும், வழக்கமான முறையைவிடப் பத்து மடங்கு வேகமாக முடிந்ததாகவும் சொன்னது. இதுவும் தொடர்தான், கவனித்தீர்களா.

எனக்கு இதில் உறுத்துவது வேறொன்று. ரோட்டோதான் இந்த வீட்டின் முதல் படிக்கட்டு. நானும் நீங்களும் அதில் கால் வைத்துத்தான் உள்ளே வந்தோம். அந்தப் படியை எடுத்துவிட்டால் அடுத்து வருகிறவர்கள் எப்படி ஏறுவார்கள் என்று எந்த ஸ்டூடியோவும் யோசிப்பதாகத் தெரியவில்லை. நீங்கள் ஏற்கெனவே உள்ளே இருக்கிறீர்கள், அந்த மட்டில் அதிர்ஷ்டம். மூன்றரை வருஷம் ஓரங்களைப் பார்த்த கண் உங்களுக்கு இருக்கிறது. எந்த ஃப்ரேமில் விரலின் ஓரம் உண்மையிலேயே மங்குகிறது, எதில் மெஷின் அதை மழுப்புகிறது என்று சட்டென்று சொல்ல உங்களால் முடியும். காப்பிகேட்டுக்கு எந்தெந்த ஃப்ரேமைக் கொடுத்தால் சரியாகக் கற்கும் என்று தேர்ந்தெடுக்கவும் அந்தக் கண்தான் வேண்டும். அந்தக் கண்ணை வைத்துக்கொண்டு காம்ப்புக்குப் போங்கள். உங்கள் ஸ்டூடியோவில் இந்தக் கருவிகளை யாரும் ஒழுங்காகப் பழகவில்லை என்றால் நீங்கள் பழகிக்கொண்டு போய்க் காட்டுங்கள். "நாலு நாள் ரோட்டோவை ஒன்றரை நாளில் முடித்தேன், மீதி நாளில் எனக்கு ஒரு காம்ப் ஷாட் கொடுங்கள்" என்று பேரம் பேசலாம். நாள் மிஞ்சியதைச் சொல்லாமல் விட்டால் அதிலும் ரோட்டோவைத்தான் நிரப்புவார்கள்.

ராத்திரி ஒரு மணி விஷயம். அது எங்கிருந்து வருகிறது என்று தெரிந்தால் கொஞ்சம் தற்காத்துக்கொள்ளலாம். பெரும்பாலான இடங்களில் ஷாட்டுக்கு இவ்வளவு என்று முன்கூட்டியே தொகை பேசி வேலை எடுக்கிறார்கள். ஆறு வெர்ஷனில் முடிந்தாலும் இருபத்தாறு வெர்ஷனில் முடிந்தாலும் ஸ்டூடியோவுக்கு வருவது அதே தொகை. மிச்சமிருக்கும் இருபது வெர்ஷனை உங்கள் தூக்கத்திலிருந்து எடுக்கிறார்கள். பெரிய இடங்களுக்கும் இதே கதிதான். 2013 பிப்ரவரியில் ரிதம் அண்ட் ஹ்யூஸ் என்ற விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோ திவால் மனு கொடுத்தது. அதே மாதக் கடைசியில் அவர்கள் வேலை பார்த்த படத்துக்கு விஷுவல் எஃபெக்ட்ஸ் ஆஸ்கர் கிடைத்தது. 2025 பிப்ரவரியில் டெக்னிகலர் குழுமம் சரிந்தபோது அதன் எம்பிசி, த மில் போன்ற விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோக்களும் சேர்ந்து சரிந்தன. சினிமாவுக்குப் போனால் பத்திரம் என்று நினைத்திருந்தால் இதையும் கணக்கில் வைத்துக்கொள்ளுங்கள். டிவியோ சினிமாவோ, ஆறு மாதச் செலவுக்கு ஒரு தொகை கையில் இல்லாமல் இந்தத் துறையில் வேலை மாற்றாதீர்கள்.

ஒரு சின்ன நோட்டு போடுங்கள். ஒவ்வொரு கமென்ட் வரும்போதும் அது உங்கள் தப்பைத் திருத்துவதா, இல்லை அவர்கள் மனம் மாறியதா என்று ஒரு குறி. மேட் ஓரம் நெளிகிறது என்றால் உங்கள் தப்பு, ராத்திரி உட்கார்ந்து திருத்துவதில் நியாயம் இருக்கிறது. மழை வேண்டாம், வெயில் போடலாம் என்றால் அது புது வேலை. உங்களால் அதற்குப் பணம் கேட்க முடியாது, ஆனால் கோஆர்டினேட்டரால் முடியும், அவரிடம் கணக்கு இருந்தால். ஒரு மாதம் எழுதி அவரிடம் கொடுங்கள். நான் கொடுத்தபோது என் கோஆர்டினேட்டர் முகத்தைச் சுளித்துக்கொண்டுதான் வாங்கினார். அடுத்த எபிசோடிலிருந்து "இது புதுசு, தேதி தள்ளும்" என்று ஃபோனில் சொல்வது எனக்குக் கேட்டது. உங்கள் இடத்தில் அப்படி நடக்காமலும் போகலாம். மூன்று எபிசோட் பார்த்தும் ஒன்றும் மாறவில்லை என்றால், ரீல் தயாரானதும் இன்னொரு டிவி ஸ்டூடியோவுக்குப் போங்கள், அதில் துரோகம் எதுவும் இல்லை. 2023 செப்டம்பரில் மார்வெல் ஸ்டூடியோஸின் விஎஃப்எக்ஸ் ஊழியர்கள் தொழிற்சங்கம் வேண்டும் என்று ஒருமனதாக வாக்களித்தார்கள். அவ்வளவு பெரிய பேனரில் இருந்தவர்களுக்கே அது தேவைப்பட்டது. தூங்காமல் கிடப்பதுதான் உழைப்பு என்று உங்களிடம் யாராவது சொன்னால் நம்பாதீர்கள். ராத்திரி பன்னிரண்டுக்கு மேல் போட்ட ரோட்டோவைக் காலையில் திறந்து பார்த்திருப்பீர்களே.

மணிக்கட்டு வலி பற்றி நீங்கள் எழுதவில்லை, ஆனால் மூன்றரை வருஷ ரோட்டோவில் வராமல் இருக்காது. மவுஸ் என்றால் பேனா டேப்லட்டுக்கு மாறுங்கள். வலி தொடர்ந்தால் டாக்டரிடம் காட்டுங்கள், தள்ளிப்போட வேண்டாம்.

இன்னொரு காரியம், முடிந்தால் ஒரே ஒரு நாள் செட்டுக்குப் போங்கள். சூப்பர்வைசர் போகும்போது, செட்டின் வெளிச்சத்தைப் பதிவு செய்ய உதவும் குரோம் பந்தையும் சாம்பல் பந்தையும் தூக்கிக்கொண்டு போக ஒரு ஆள் வேண்டியிருக்கும். சம்பளம் இல்லாவிட்டாலும் போகலாம் என்று சொல்ல மாட்டேன், சம்பளத்தோடு அனுப்பக் கேளுங்கள். அங்கே போனால், உங்கள் மேஜைக்கு வருகிற தலைவலிகள் எங்கே பிறக்கின்றன என்று பார்ப்பீர்கள். நான் போன முதல் நாள், பின்னணியில் ஒரு லைட் ஸ்டாண்டின் கால் ஃப்ரேமுக்குள் நீட்டிக்கொண்டிருந்தது. யாரோ "விஎஃப்எக்ஸ்ல எடுத்துடுவாங்க" என்றார்கள். நடிகர் அதற்கு முன்னால் மூன்று தடவை குறுக்கே நடக்கிற ஷாட் அது. அழிப்பதென்றால் எங்களுக்கு ஒன்றரை நாள். சூப்பர்வைசர் ஒன்றும் சொல்லவில்லை, நடந்து போய் ஸ்டாண்டை அரை அடி நகர்த்திவிட்டுத் திரும்பி வந்தார். இப்படி வேலையை வராமலே தடுக்கிறவருக்குத்தான் பிற்பாடு டிவியில் சூப்பர்வைசர் நாற்காலி கிடைக்கிறது.

சினிமா ஆசை அதற்கப்புறமும் இருந்தால் போங்கள், கதவு மூடாது. முழு ஷாட்டை எடுத்து முடித்துக் கொடுக்கத் தெரிந்த காம்ப்பாசிட்டராகப் போவதும், ரோட்டோ ஆளாகப் போவதும் ஒன்றில்லை. துறையையே விட்டுவிடலாமா என்று கேட்டதற்கு, ரீல் போடாமல் பதில் சொல்ல முடியாது. ரீலை முடித்து நாலு இடத்துக்கு அனுப்பிவிட்டு, அப்போதும் கேட்கத் தோன்றினால் எழுதுங்கள், அப்போது வேறு மாதிரி பேசலாம்.

கடைசிக் கேள்விக்கு: நியூக். ஹூடினி அருமையான மென்பொருள், அதில் புகையும் தண்ணீரும் செய்கிறவர்களைப் பார்த்தால் எனக்கும் பொறாமைதான். ஆனால் இரண்டையும் ஒரே வருஷத்தில் பிடிக்கப் போனால் இரண்டிலும் ட்யூட்டோரியல் அளவோடு நின்றுவிடுவீர்கள். இந்த வருஷம் நியூக் மட்டும். முதல் ஷாட்டாக அந்த ஜன்னலைச் செய்யுங்கள், முடிந்ததும் அனுப்புங்கள். நான் அறையின் கடைசியில் உட்கார்ந்து ஒரு தடவை பார்த்துச் சொல்கிறேன்.